டெட்ரிஸ் ஸ்கோர்: எந்தப் பதிப்பு எதற்குப் புள்ளி தருகிறது?

டெட்ரிஸ் ஆடுகிற யாரிடமாவது "உங்க அதிகபட்ச ஸ்கோர் எவ்வளவு?" என்று கேட்டால் டக்கென்று ஒரு எண் வரும். இரண்டு லட்சம், எட்டு லட்சம், பதினைந்து லட்சம். நான் அடுத்துக் கேட்பது "எந்த டெட்ரிஸ்ல?" என்பதைத்தான். அது தெரியாமல் அந்த எண்ணை வைத்து நல்ல ஆட்டமா, சுமாரா என்று சொல்ல வழியில்லை. நிண்டெண்டோவின் பழைய கையடக்கக் கருவியான கேம் பாயில் எடுத்த இரண்டு லட்சம் என்றால் எழுந்து நின்று கை கொடுப்பேன். இன்றைய ஃபோன் பதிப்பில் அதே இரண்டு லட்சத்தை ஓரளவு பழகியவரே எடுத்துவிடுவார். விழுவது அதே ஏழு வகைக் கட்டைகள். களமும் அதே பத்துக் கட்ட அகலம்தான். எதற்கு எவ்வளவு புள்ளி என்கிற பட்டியல்தான் பதிப்புக்குப் பதிப்பு மாறுகிறது. அது மாறினால் கட்டையை அடுக்குகிற விதத்தையே மாற்ற வேண்டியிருக்கிறது.

நான் முதலில் பழகியது கேம் பாய் பதிப்பு. அப்புறம் டி.வி-யில் இணைத்து ஆடும் நிண்டெண்டோ கருவியான என்.இ.எஸ், அதன் பிறகு ஃபோனிலும் கணினியிலும் வரும் புதிய பதிப்புகள். ஒவ்வொரு முறை புதிதாக ஒன்றைத் தொடும்போதும், கை பழகுவதற்கு முன்பே அதன் புள்ளிப் பட்டியலைத் தேடி எடுத்து, ஒரு லைனுக்கு, அதாவது முழுதாக நிரம்பி அழிகிற ஒரு வரிசைக்கு, எவ்வளவு விழுகிறது என்று கணக்குப் போட்டுப் பார்ப்பேன். வேகப் பயிற்சி தந்ததைவிட இந்தப் பழக்கம்தான் எனக்கு அதிகம் தந்தது. அந்தக் கணக்கைத்தான் இங்கே எழுதுகிறேன்.

இத்தனை பதிப்புகள் எப்படி வந்தன என்பதை மட்டும் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1984-ல் மாஸ்கோவில், சோவியத் அறிவியல் கழகத்தின் கணினி மையத்தில் வேலை பார்த்த அலெக்ஸி பஜித்னோவ் எலெக்ட்ரோனிகா 60 என்ற கணினியில் இதை எழுதினார். அதில் படம் வரைகிற வசதி கிடையாது. அடைப்புக்குறிகளைச் சேர்த்துத்தான் கட்டைகளைக் காட்டினார். வதிம் கெராசிமோவ் அதை ஐ.பி.எம் கணினிக்குக் கொண்டுவந்தார். அங்கிருந்து வெளிநாடுகளுக்குப் போய், உரிமம் யாருக்கு என்று பெரிய இழுபறியே நடந்தது. 1988-ல் ஜப்பானில் செகா நிறுவனத்தின் ஆர்கேடு (காசு போட்டு ஆடும் இயந்திரம்) பதிப்பு, 1989-ல் கேம் பாய், அதே ஆண்டில் என்.இ.எஸ். அந்தக் காலத்தில் பொது விதி என்று ஒன்று இல்லை. கட்டை எப்படிச் சுழல வேண்டும், எவ்வளவு வேகமாக விழ வேண்டும், எதற்கு எத்தனை புள்ளி என்பதை எல்லாம் அந்தந்தப் பதிப்பைச் செய்தவர்களே முடிவு செய்தார்கள். 1996-ல் பஜித்னோவும் விளையாட்டு வெளியீட்டாளர் ஹெங்க் ரோஜர்ஸும் சேர்ந்து டெட்ரிஸ் கம்பெனியைத் தொடங்கிய பிறகுதான் ஒரு பொது விதிமுறை மெல்ல உருவாகி, 2000-க்குப் பிறகு வந்த பதிப்புகளில் பரவியது.

பழைய நிண்டெண்டோ பட்டியல் எளிமையானது. ஒரு லைன் அழித்தால் 40. இரண்டு சேர்ந்து அழிந்தால் 100. மூன்றுக்கு 300. நான்கும் ஒரே அடியில் போனால் 1,200, அதற்குத்தான் 'டெட்ரிஸ்' என்று பெயர். வருகிற புள்ளியை, லெவலோடு ஒன்று கூட்டிப் பெருக்க வேண்டும். லெவல் 0-வில் ஒரு டெட்ரிஸ் 1,200. லெவல் 9-ல் 12,000. லெவல் 18-ல் 22,800. கேம் பாய், என்.இ.எஸ் இரண்டிலும் இதே பட்டியல்தான்.

இப்போது இதை லைனுக்கு எவ்வளவு என்று பிரித்துப் பாருங்கள். ஒற்றையில் லைனுக்கு 40, இரட்டையில் 50, மூன்றில் 100, நான்கில் 300. நான்கு லைனை ஒவ்வொன்றாக அழித்தவருக்கு 160 புள்ளி, மொத்தமாக அழித்தவருக்கு 1,200. ஏழரை மடங்கு. டெட்ரிஸ் அடிப்பது நல்லது என்று எல்லோருக்கும் தெரியும். ஆனால் ஒற்றைக்கும் இரட்டைக்கும் நடுவே லைனுக்குப் பத்துப் புள்ளிதான் வித்தியாசம் என்பதைப் பலர் கவனிப்பதில்லை. அங்கேதான் நடைமுறைப் பாடம் இருக்கிறது. களம் உயர்ந்துவிட்டது, சில லைன்களைக் குறைத்தே ஆக வேண்டும் என்ற நிலை வந்தால், "இரண்டாகச் சேர்த்து அடிக்கலாமே" என்று காத்திருக்காதீர்கள். ஒற்றையோ இரட்டையோ, எது மேல்பரப்பைச் சமமாக விட்டுவிட்டுப் போகிறதோ அதை உடனே செய்யுங்கள். புள்ளி அடுத்த டெட்ரிஸில்தான் இருக்கிறது.

லைன் கணக்கு ஏன் இவ்வளவு முக்கியம்? ஓர் ஆட்டத்தில் கிடைக்கும் லைன்களுக்கு ஓர் எல்லை உண்டு. என்.இ.எஸ்-இன் அமெரிக்கப் பதிப்பு நொடிக்கு 60 ஃபிரேம் ஓடுகிறது, அதாவது திரையில் படம் நொடிக்கு 60 முறை மாறுகிறது. லெவல் 0-வில் கட்டை ஒரு கட்டம் இறங்க 48 ஃபிரேம் எடுக்கும். லெவல் 9-ல் 6 ஃபிரேம், 18-ல் 3, 19-இலிருந்து 28 வரை 2. லெவல் 29 வந்ததும் ஒரு ஃபிரேமுக்கு ஒரு கட்டம். அதாவது, காலியான களத்தில்கூட உச்சியிலிருந்து தரைக்கு வர மூன்றில் ஒரு நொடிதான். பொத்தானை அழுத்திப் பிடித்தால் கட்டை முதலில் ஒரு கட்டம் நகரும், 16 ஃபிரேம் கழித்து அடுத்தது, அப்புறம் 6 ஃபிரேமுக்கு ஒன்று. இந்த வேகத்தில் கட்டை ஓரத்துக்குப் போய்ச் சேர்வதற்குள் தரையில் உட்கார்ந்துவிடும். அதனால் வெகு காலம் லெவல் 29-ஐ ஆட்டத்தின் முடிவாகவே எல்லோரும் எடுத்துக்கொண்டார்கள்.

லெவல் 18-ல் தொடங்கினால் 130 லைன் வரை அதே லெவல். அதன் பிறகு பத்து லைனுக்கு ஒரு லெவல். ஆக 230-ஆவது லைனில் 29 வந்து நிற்கும். பழைய முறையில் அழுத்திப் பிடித்து ஆடுகிறவர் கையில் மொத்தம் இருப்பது 230 லைன்தான். அத்தனையும் டெட்ரிஸாகவே அடித்தால், லெவல் 18-ல் மட்டும் 7,41,000. அடுத்த பத்து லெவலிலும் சேர்த்து 7,35,000. கூட்டினால் 14,76,000. திரையில் ஸ்கோர் காட்டுகிற இடமோ ஆறு இலக்கம், 9,99,999-ல் நின்றுவிடும். அந்த உச்சத்தைத் தொட, சுமார் மூன்றில் இரண்டு பங்கு லைன்களை டெட்ரிஸாகவே அழித்தாக வேண்டும். இந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்த அன்று, ஒவ்வொரு லைனும் ஒரு செலவு என்று என் மனதில் பதிந்தது. லெவல் 18-ல் ஒரு லைனை ஒற்றையாக எரித்தால் 4,940 புள்ளி கைவிட்டுப் போகிறது. போனால் போகட்டும் என்று விட வேண்டிய நேரமும் உண்டு. ஆனால் என்ன விலைக்கு விடுகிறோம் என்று தெரிந்து விட வேண்டும்.

என் தங்கை புதிய பதிப்புகளில்தான் ஆடுவாள். நான் என்.இ.எஸ் ஆடுவதைப் பார்த்துவிட்டு ஒருமுறை, "அண்ணா, அந்த வலது ஓரத்தை ஏன் மூடவே மாட்டேங்கிற? மூணு கட்டை அங்க போட்டிருக்கலாமே" என்றாள். நல்ல கேள்வி. வலது ஓரத்தில் ஒரு கட்ட அகலப் பள்ளத்தை விட்டுவிட்டு மீதி ஒன்பது கட்டத்தையும் நிரப்பி, நான்கு கட்டமும் ஒரே கோட்டில் இருக்கும் நீளக் கட்டை வரும்போது அதில் இறக்குவதுதான் முறை. ஏன் வலது? இந்தப் பதிப்பில் நீளக் கட்டையை நிமிர்த்தினால் அது நடுவுக்குக் கொஞ்சம் வலப்பக்கமாக நிற்கும். வலது ஓரத்துக்கு நான்கு தட்டு, இடது ஓரத்துக்கு ஐந்து. வேகம் கூடும்போது அந்த ஒரு தட்டு பெரிய விஷயம். கூடவே, இடப்பக்கத்தைச் சற்று உயரமாகவும் வலப்பக்கத்தைத் தாழ்வாகவும் வைத்திருங்கள். இடப்பக்கம் தாழ்ந்துபோனால், வேகமான லெவலில் அங்கே கட்டையைக் கொண்டு சேர்ப்பதே பாடு.

அடுத்த பிரச்சினை, நீளக் கட்டை வராமலே போவது. ஆடுகிறவர்கள் இதை வறட்சி என்பார்கள். என்.இ.எஸ் அடுத்த கட்டையைத் தேர்ந்தெடுக்கும் விதம் இப்படி: எட்டில் ஒரு எண்ணை எடுக்கிறது. ஏழு எண்கள் ஏழு கட்டைகளுக்கு. எட்டாவது எண் வந்தாலோ, முந்தைய கட்டையே மீண்டும் வந்தாலோ, இன்னொரு முறை ஏழில் ஒன்றை எடுக்கிறது. அவ்வளவுதான். ஒரு கட்டை பத்து முறையாக வரவில்லையே, இப்போதாவது கொடுப்போம் என்று அது யோசிப்பதில்லை. இந்த விதியை வைத்துக் கணக்கிட்டால், ஒரு நீளக் கட்டைக்குப் பிறகு வரும் 20 கட்டைகளிலும் இன்னொன்று இல்லாமல் போக சுமார் 3.5 விழுக்காடு வாய்ப்பு. குறைவாகத் தெரிகிறதா? 230 லைன் ஆட்டத்தில் விழுவது 575 கட்டைகள். அதில் நீளக் கட்டை சராசரியாக 82. அப்படியென்றால் ஒரு முழு ஆட்டத்தில் இத்தகைய நீண்ட வறட்சி இரண்டு மூன்று முறை வருவது இயல்பு.

இதை அறிந்த பிறகு என் அடுக்கும் உயரம் மாறியது. 20 கட்டை என்றால் 80 கட்டங்கள். ஒன்பது பத்தியில் பரப்பினால் கிட்டத்தட்ட ஒன்பது வரிசை உயரும். களமே இருபது வரிசைதான். எனவே வேகமான லெவலில் பாதி உயரத்தைத் தாண்டிவிட்டால், நீளக் கட்டை வரும் என்ற நம்பிக்கையில் மேலும் கட்டுவதில்லை. ஒன்றிரண்டு லைனை எரித்து இறக்கிவிடுவேன். இன்னொன்று, நீளக் கட்டை தேவைப்படும் இடம் அந்த வலது பள்ளம் ஒன்றாக மட்டுமே இருக்க வேண்டும். நடுவில் எங்காவது மூன்று கட்ட ஆழத்தில் இன்னொரு பள்ளம் விழுந்தால், வருகிற முதல் நீளக் கட்டை அதை அடைக்கவே போய்விடும். இரண்டு கட்ட ஆழம் என்றால் எல் அல்லது ஜே எழுத்து வடிவக் கட்டை சமாளித்துக்கொள்ளும். மூன்றாக விடாதீர்கள்.

தொடங்கும் லெவலைப் பற்றியும் சொல்ல வேண்டும். புதிதாக ஆடுகிறவர்கள் லெவல் 0-வில் தொடங்குவார்கள், நியாயம்தான். ஆனால் லெவல் 9 வேகம் கைக்குப் பிடிபட்டுவிட்டது என்றால் அங்கேயே தொடங்குவது நல்லது. 0-வில் தொடங்கினால் முதல் நூறு லைனில் பெருக்கும் எண் 1, 2, 3 என்று பத்து லைனுக்கு ஒன்றாக 10 வரை ஏறும். சராசரி ஐந்தரை. 9-ல் தொடங்கினால் அந்த நூறு லைனுக்கும் பத்தால் பெருக்கம். அடுக்குவது அதே திறமையோடுதான், ஸ்கோர் மட்டும் ஏறத்தாழ இரண்டு மடங்கு. என்.இ.எஸ்-இல் பட்டியலில் 9 வரைதான் தெரியும். ஏ பொத்தானைப் பிடித்துக்கொண்டு ஸ்டார்ட் அழுத்தினால் பத்து கூடும், 18-ல் தொடங்குகிறவர்கள் அப்படித்தான் போகிறார்கள்.

கேம் பாயில் பட்டியல் அதேதான் என்றேன். ஆனால் களத்தில் 18 வரிசைதான். இரண்டு வரிசை குறைவது காகிதத்தில் சின்ன விஷயம், வறட்சி வரும்போது மூச்சு முட்டும். ஒரு லட்சம் எடுத்தால் ஆட்ட முடிவில் ஒரு சின்ன ராக்கெட் கிளம்பும், இரண்டு லட்சம் எடுத்தால் பெரியது. எனக்கு இன்றைக்கும் அந்த ராக்கெட் மேலே போவதைப் பார்க்கப் பிடிக்கும். என்.இ.எஸ்-இன் ஐரோப்பியப் பதிப்பு இன்னொரு கதை. அது நொடிக்கு 50 ஃபிரேம், வேகப் பட்டியலும் வேறு. அதில் லெவல் 19-லேயே ஒரு ஃபிரேமுக்கு ஒரு கட்டம் என்று இறங்கத் தொடங்கிவிடும். அட்டையில் ஒரே பெயர், ஒரே படம். ஆனால் இரண்டிலும் எடுத்த ஸ்கோரை அருகருகே வைத்து ஒப்பிடுவது சரியல்ல.

சரி, புதிய பதிப்புகளுக்கு வருவோம். பொது விதிமுறையைப் பின்பற்றுகிறவற்றில் ஒற்றைக்கு 100, இரட்டைக்கு 300, மூன்றுக்கு 500, டெட்ரிஸுக்கு 800. இதை லெவலால் பெருக்க வேண்டும். லெவல் இங்கே 1-இலிருந்து தொடங்குகிறது. லைனுக்கு 100, 150, 167, 200. பழைய பட்டியலில் ஒற்றைக்கும் டெட்ரிஸுக்கும் இருந்த ஏழரை மடங்கு இங்கே இரண்டு மடங்காகச் சுருங்கிவிட்டது. இதை மட்டும் பார்த்தால் டெட்ரிஸுக்காக இவ்வளவு பாடுபட வேண்டுமா என்று தோன்றும். பட்டியலின் மறுபாதி டி-ஸ்பின்.

டி எழுத்து வடிவக் கட்டையைச் சுழற்றி, நேராக இறக்க முடியாத இடத்தில் நுழைத்தால் அது டி-ஸ்பின். அதோடு ஒரு லைன் அழிந்தால் 800, இரண்டு அழிந்தால் 1,200, மூன்றுக்கு 1,600. அதற்கும் மேலே பேக்-டு-பேக் என்று ஒன்று: டெட்ரிஸோ லைன் அழிக்கும் டி-ஸ்பின்னோ அடுத்தடுத்து வந்து, நடுவில் சாதாரண லைன் எதுவும் அழியாமல் இருந்தால், இரண்டாவதிலிருந்து ஒன்றரை மடங்கு. அப்போது டெட்ரிஸ் 1,200, டி-ஸ்பின் இரட்டை 1,800. லைனுக்கு என்று பார்த்தால் முன்னது 300, பின்னது 900. இதைப் பார்த்த பிறகுதான் தங்கை ஏன் எப்போது பார்த்தாலும் டி கட்டைக்கு இடம் செய்துகொண்டே இருக்கிறாள் என்று விளங்கியது.

அந்த இடத்தை எப்படிக் கட்டுவது என்று அவள் காட்டியதை அப்படியே சொல்கிறேன். கீழ் வரிசையில் ஒரே ஒரு கட்டம் மட்டும் காலி. அதற்கு மேல் வரிசையில், அந்தக் கட்டத்தை நடுவில் வைத்து மூன்று கட்டம் காலி. அதற்கும் மேலே, அந்த மூன்றில் ஏதாவது ஓர் ஓரத்தின் தலைக்கு மேல் ஒரு கட்டை கூரை மாதிரி நீட்டிக்கொண்டிருக்க வேண்டும். இப்போது டி கட்டையை நிமிர்த்தி, நடுவில் துருத்தி நிற்கும் மூக்கு கூரை இல்லாத பக்கம் பார்க்கும்படி இறக்குங்கள். அடியில் போய் உட்கார்ந்ததும் மூக்கு கீழே பார்க்கும்படி ஒரு சுழற்று. ஒரு பக்கம் கூரைக்கு அடியில் நுழையும், மூக்கு கீழ்க் கட்டத்தில் இறங்கும், இரண்டு லைனும் போகும். கட்டை தரையைத் தொட்ட பிறகும் அரை நொடி அவகாசம் உண்டு, அதனால் பதற்றமே வேண்டாம். விதி இதுதான்: கடைசியாகச் செய்தது சுழற்சியாக இருக்க வேண்டும், டி-யின் நடுக் கட்டத்தைச் சுற்றியுள்ள நான்கு மூலைகளில் குறைந்தது மூன்று அடைபட்டிருக்க வேண்டும். கூரை எதற்கு என்று கேட்டால், அந்த மூன்றாவது மூலைக்குத்தான்.

இந்தப் பதிப்புகளில் வறட்சிப் பயமும் குறைவு. ஏழு கட்டைகளையும் ஒரு பையில் போட்டுக் குலுக்கி ஒவ்வொன்றாகக் கொடுத்துத் தீர்த்த பிறகுதான் அடுத்த பை. ஆகவே இரண்டு நீளக் கட்டைகளுக்கு நடுவே அதிகபட்சம் 12 கட்டைகள்தான் வர முடியும். ஹோல்டு வசதியில் ஒரு கட்டையைத் தள்ளிவைத்துக்கொள்ளவும் செய்யலாம். என்.இ.எஸ்-இல் உயரத்தைப் பார்த்துப் பார்த்து ஆடிய எனக்கு இது பெரிய விடுதலையாக இருந்தது.

பை விதியிலிருந்து ஒரு அழகான கணக்கும் கிடைக்கிறது. ஒரு பையில் ஒரே ஒரு டி. ஏழு கட்டை என்றால் 28 கட்டம், அதாவது 2.8 லைன். டி-ஸ்பின் இரட்டை இரண்டு லைனை எடுத்துக்கொள்ளும். மீதி 0.8. அதை ஒற்றையாக அழித்தால் பேக்-டு-பேக் அறுந்துவிடும். ஆனால் ஐந்து பையைச் சேர்த்துப் பாருங்கள்: 14 லைன். ஐந்து டி-ஸ்பின் இரட்டை பத்து லைன், மீதி நான்கு லைனுக்கு ஒரு டெட்ரிஸ். மிச்சமே இல்லாமல் கணக்கு முடிகிறது. இந்தச் சுழற்சியைத்தான் நான் இப்போது இலக்காக வைத்து ஆடுகிறேன். வலது ஓரத்தில் டெட்ரிஸ் பள்ளம், இடப்பக்கம் பைக்கு ஒரு டி-ஸ்பின், ஐந்துக்கு ஒரு முறை நீளக் கட்டை. ஒவ்வொரு முறையும் சரியாக அமையாது. அமையாதபோது எங்கே பிசகியது என்று தெரிந்துகொள்ள இந்தக் கணக்கு உதவுகிறது.

மாரத்தான் ஆட்டம் 150 லைனில் முடியும். பத்து லைனுக்கு ஒரு லெவல் என்று 15 லெவல். காம்போவையும் (அடுத்தடுத்த கட்டைகளில் லைன் அழிந்தால் வரும் கூடுதல் புள்ளி) கட்டை இறக்கும் புள்ளிகளையும் விட்டுவிட்டால், எல்லாமே ஒற்றையாக அழித்தால் 1,20,000. எல்லாமே பேக்-டு-பேக் டெட்ரிஸ் என்றால் சுமார் 3,60,000. மேலே சொன்ன ஐந்துக்கு ஒன்று சுழற்சியில் சுமார் 8,70,000. டி-ஸ்பின் மூன்று இதற்கும் மேலே கொண்டுபோகும், ஆனால் அதைக் கட்டுவது கடினம், தவறினால் அடியில் ஓட்டை நின்றுவிடும். இரட்டையை இரு பக்கமும் கண்ணை மூடிக்கொண்டு கட்டப் பழகும் வரை அதைத் தொடாமல் இருப்பதே மேல்.

கட்டை இறக்கும் புள்ளி என்றேன். மெதுவாக அழுத்தி இறக்கினால் கட்டத்துக்கு 1, ஹார்டு டிராப் என்று ஒரேயடியாகப் போட்டால் கட்டத்துக்கு 2. இவை லெவலால் பெருகுவதில்லை. சராசரி 15 கட்டம் என்று வைத்தால் கட்டைக்கு 30. 150 லைனுக்கு 375 கட்டைகள், மொத்தம் பதினோராயிரத்துச் சொச்சம். லெவல் 15-ல் ஒரே ஒரு பேக்-டு-பேக் டெட்ரிஸே 18,000. ஆகவே புள்ளிக்காக ஹார்டு டிராப் செய்யாதீர்கள். நேரம் மிச்சமாகிறது என்பதற்காகச் செய்யுங்கள், போதும்.

1998-ல் அரிக்கா நிறுவனம் கொண்டுவந்த 'தி கிராண்ட் மாஸ்டர்' ஆர்கேடு பதிப்பு தனி உலகம். அங்கே லெவல் என்பது விழுகிற ஒவ்வொரு கட்டைக்கும், அழிகிற ஒவ்வொரு லைனுக்கும் ஒன்றாக ஏறி 999 வரை போகும். 500-ல் கட்டை தோன்றும்போதே தரையில் இருக்கும், அங்கிருந்து நகர்த்திக்கொள்ள வேண்டும். புள்ளியைப் பொறுத்துத் தரம் கிடைக்கும். உச்சத் தரமான கிராண்ட் மாஸ்டர் கிடைக்க 1,26,000 புள்ளியோடு 999-ஐத் தொட வேண்டும், அதுவும் 13 நிமிடம் 30 நொடிக்குள். ஸ்கோரும் கடிகாரமும் சேர்ந்து துரத்துகிற இந்த அமைப்பு என் ரசனைக்கு மிகச் சிறந்தது. என் கை அந்த வேகத்துக்கு வரவில்லை என்றாலும் நல்ல ஆட்டக்காரர்கள் ஆடுவதை மணிக்கணக்கில் பார்ப்பேன்.

ஸ்கோரே தேவைப்படாத வகைகளும் உண்டு. 40 லைன் ஸ்பிரிண்டில் நேரம் மட்டுமே கணக்கு. ஒற்றையோ டெட்ரிஸோ, 100 கட்டைகளை எவ்வளவு சீக்கிரம் சரியான இடத்தில் வைக்கிறீர்கள் என்பதுதான். 2019-ல் வந்த டெட்ரிஸ் 99 போன்ற போட்டி ஆட்டங்களில் எதிராளியின் களத்தை அடியிலிருந்து உயர்த்த அனுப்பும் குப்பை லைன்தான் நாணயம். இரட்டை 1 அனுப்பும், மூன்று 2, டெட்ரிஸ் 4. டி-ஸ்பின் இரட்டை, இரண்டே லைனை அழித்து அதே 4 அனுப்பும். மாரத்தானில் பழகிய டி-ஸ்பின் இங்கே நேராகக் கைகொடுக்கும். ஸ்பிரிண்டில் அதையே கட்டிக்கொண்டிருந்தால் நேரம்தான் வீணாகும்.

பழைய பதிப்பில் ஸ்கோர் கணக்கு எங்கே கொண்டுபோய் விட்டது என்பதையும் சொல்லாமல் இருக்க முடியவில்லை. பொத்தானை அதிவேகமாகத் தட்டும் முறையில் 2018-ல் 16 வயது ஜோசப் சேலி, ஏழு முறை உலக சாம்பியனாக இருந்த ஜோனஸ் நியூபாவரை வென்றார். அதன் பிறகு, பொத்தானை ஒரு விரலால் பிடித்துக்கொண்டு கட்டுப்பாட்டுக் கருவியின் அடிப்பக்கத்தை மற்ற விரல்களால் வரிசையாகத் தட்டுகிற 'ரோலிங்' முறை வந்தது. லெவல் 29 சுவர் உடைந்தது. 2023 டிசம்பர் 21 அன்று 13 வயது வில்லிஸ் கிப்சன் லெவல் 157 வரை போய், கேமையே உறைய வைத்தார். அது உறைந்த காரணம்தான் எனக்குப் பிடித்தது. அந்த நிரல் புள்ளியை லெவலால் பெருக்குவதில்லை. லெவலோடு ஒன்று கூட்டி, அத்தனை முறை திரும்பத் திரும்பக் கூட்டுகிறது. லெவல் நூற்றைம்பதைத் தாண்டும்போது அந்தக் கூட்டலுக்கு ஆகும் நேரம், அடுத்த ஃபிரேம் வருவதற்குள் முடியாமல் போகிறது. 1989-ல் எழுதிய புள்ளிப் பட்டியலை முப்பத்து நான்கு ஆண்டுகள் கழித்து ஒரு சிறுவன் அதன் எல்லை வரை ஓட்டிப் பார்த்திருக்கிறான்.

என் ஆட்டங்களை நான் குறித்துவைக்கும் விதம் இது. பதிப்பின் பெயர், தொடங்கிய லெவல், மொத்த லைன், ஸ்கோர். பழைய பதிப்பு என்றால் கூடவே டெட்ரிஸாகப் போன லைன் எத்தனை பங்கு என்பது. புதியது என்றால் பேக்-டு-பேக் எத்தனை முறை அறுந்தது என்பது. ஸ்கோரை மட்டும் எழுதினால் அடுத்து என்ன பழக வேண்டும் என்று தெரியாது. பங்கு நன்றாக இருந்து லைன் குறைவாக இருந்தால், உயரமாகக் கட்டி வறட்சியில் மாட்டியிருக்கிறேன் என்று அர்த்தம். அடுத்த முறை இன்னும் சீக்கிரம் எரிப்பேன். லைன் நிறைய இருந்து பங்கு குறைவாக இருந்தால், தேவைக்கு மேல் பயந்து எரித்திருக்கிறேன். அப்போது இரண்டு வரிசை கூடுதலாகக் கட்டிப் பார்ப்பேன். பேக்-டு-பேக் அடிக்கடி அறுந்தால், எந்தக் கட்டையால் அறுந்தது என்று பார்ப்பேன். பெரும்பாலும் எஸ் அல்லது இசட் கட்டைக்கு இடமில்லாமல் போய், அதைத் திணித்ததில் ஒரு ஒற்றை லைன் அழிந்திருக்கும். அப்படியானால் அந்த வாரம் முழுக்க அந்த இரண்டு கட்டைகளுக்கும் எப்போதும் ஓர் இடம் திறந்திருக்கும்படி அடுக்குவதை மட்டுமே பழகுவேன்.